கட் சொல்ல ஆளில்லை!

"ஐயோ... அம்மா...!"

தர்மிளாவின் அலறல் பூரணி சேலை மாளிகையைத் தூக்கி வாரிப் போட்டது.

வெளியே, பரிஸின் லா சப்பல் மெத்ரோப் பாலத்துக்குக் கீழே நடந்து போனவர்கள் கூட நின்று திரும்பிப் பார்த்தார்கள்.

கடைக்கு உள்ளே...?

எல்லோரும் நின்ற இடத்திலேயே சத்தமில்லாமல் கட்டை விரலை உயர்த்திச் சிரித்தார்கள்!

காரணம் இருந்தது. அங்கே நடந்துகொண்டிருந்தது சினிமாப் படப்பிடிப்பு. டைரக்டர் காஸுவோ அமெமோரி. ஜப்பான்காரர். பேய்ப் படம் எடுப்பதில் மன்னன். தர்மிளா அதே கடையில் காசு வாங்கிப் போடும் பெண். செவ்ரானிலிருந்து தினமும் ரயிலேறி வருகிறவள். கடனுக்குச் சேலை கேட்ட ஒரு வாடிக்கையாளரைப் பார்த்து அவள் கத்திய கத்தலைக் கேட்டு, "இவள்தான் என் கதாநாயகி" என்று அமெமோரி அடம் பிடித்தாராம்.

அவளிடம் சொன்ன காட்சி இதுதான். சேலை உடுத்திப் பார்க்கும் அறையின் திரையை விலக்க வேண்டும். உள்ளே யாரும் இருக்க மாட்டார்கள்.

விலக்கினாள்.

உள்ளே ஆள் இருந்தது!

முழங்கால் வரை தொங்கும் முடி. ரத்தச் சிவப்பில் கல்யாணக் கூறைச்சேலை. அந்த உருவம் அப்படியே சரிந்து அவள் மேல் விழுந்தது.

விழுந்த உருவம் தலையைத் தூக்கியது. கையை நீட்டியது. நேராகக் காசு மேசையைப் பார்த்து நீட்டியது.

"அக்கா... அக்கா...!"

கை தொப்பென்று விழுந்தது.

காசு மேசைக்குப் பின்னால் நின்றது கடைக்காரி பூரணி. லா சப்பலில் சின்னக் குழந்தை முதல் பென்ஷன் எடுத்த கிழவர் வரைக்கும் அவள் 'பூரணி அக்கா'தான். கையில் இருந்ததைப் போட்டுவிட்டு ஓடி வந்தாள்.

"ஐயோ! என்ன செய்யுது?"

குறுக்கே ஒரு கை நீண்டது. யோன். மன்னார்க்காரன். முப்பது வருடமாக அமெமோரியின் உதவியாளன், மொழிபெயர்ப்பாளன், நிழல்... எல்லாம்.

"கிட்டப் போகாதேங்கோ அக்கா! ஷொட் போகுது. சென்செய் இன்னும் கட் சொல்லேல்லை!"

'சென்செய்' என்றால் ஜப்பானில் குரு. இது அந்தக் குரு அமெமோரியின் சட்டம். அவர் வாயால் 'கட்' வரும் வரை கூரை இடிந்து விழுந்தாலும் யாரும் அசையக்கூடாது. எல்லோரும் காத்திருந்தார்கள். கமராக்காரி ஜெனவியேவ் கண்ணைக் கூட எடுக்காமல் படம் பிடித்துக்கொண்டிருந்தாள்.

கட் வரவில்லை.

தர்மிளாதான் கடைசியில் பொறுமை இழந்து அந்த நீண்ட முடியைப் பிடித்து இழுத்தாள். கையோடு வந்தது. உள்ளே அமெமோரியின் முகம்!

"சேர்... பகிடி காணும்... எழும்புங்கோ..."

எழும்பவில்லை. கண் திறந்தபடியே இருந்தது.

தர்மிளா இரண்டாவது தடவை அலறினாள். இந்த முறை யாரும் சிரிக்கவில்லை!

* * *

கபித்தேன் லக்ஷனா வந்து இறங்கினாள். பரிஸ் பொலிஸ். நம் கணக்கில் இன்ஸ்பெக்டர் என்று வைத்துக்கொள்ளுங்கள். பிறந்தது பரிஸில், பெற்றவர்கள் சாவகச்சேரி. பின்னாலேயே அவளுடைய உதவி அதிகாரி, லியுத்னான் இஞ்ஞாசி. பாண்டிச்சேரிக்காரர். பிணத்தைப் பார்த்தாலும் பசிக்கிற ரகம்.

"கபித்தேன், இந்தத் தெருவுல வடை வாசனை வருது பாருங்க..."

"முதல்லை செத்தவரைப் பாரும் இஞ்ஞாசி."

"பாத்துட்டேன். கத்திக்குத்து இல்ல, காயம் இல்ல. ஆனா ஒரு ஆம்பள எதுக்குச் சேலை கட்டியிருக்காரு?"

பதில் யோனிடமிருந்து வந்தது. ஒல்லியான, உயரமான மனிதன். கண் சிவந்திருந்தது.

"அவர்தான் இண்டைக்குப் பேய். நடிக்கிற ஆக்களுக்குச் சொல்லாமல் பயப்பிடுத்துறது அவரின்ரை வழக்கம். நடிச்ச பயம் அவருக்குப் பிடிக்காது. உண்மைப் பயம் வேணும்."

"எப்பவும் அப்பிடியோ?"

"முதல் படத்திலையிருந்தே. ஒரு பழைய மாடிக் குடியிருப்பிலை, வாடகைக் கமராவிலை எடுத்தவர். தியேட்டர்காரர் ஒருத்தரும் வாங்கேல்லை. வீடியோக் கடையிலை விட்டவர். பாத்த சனம் லைற்றை அணைக்காமல் படுத்ததாம்! அடுத்த மூண்டு படமும் உலகம் முழுக்க ஓடினது. அமெரிக்கன்காரன் வந்து உரிமை வாங்கினவன். பிறகு... எடுத்ததெல்லாம் படுத்துப் போச்சு. பத்து வருசமா ஒருத்தரும் கூப்பிடேல்லை. இந்தப் படம்தான் அவரின்ரை கடைசிச் சீட்டு."

"நல்ல மனுசனோ?"

யோன் பதிலுக்கு ஒரு பழைய கதையைச் சொன்னான்.

"ஒருக்கா ஒரு நடிகனுக்கு அழுகை வரேல்லை. 'உன்ரை அம்மா செத்துப் போனா' எண்டு சொன்னவர். அவன் குழறிக் குழறி அழ, அதைப் படம் எடுத்தவர். எடுத்து முடிய, அம்மாவையே கையிலை பிடிச்சுக் கூட்டிக்கொண்டு வந்து முன்னாலை விட்டவர். அந்தப் பொய்யைப் போய்ச் சொன்னது நான்தான். அந்த மாதிரி எத்தினை பொய் சொல்லியிருப்பன்..."

"சரி அண்ணை. உங்களுக்கு அவரின்ரை பாஷை தெரியும். சாகேக்கை என்ன சொன்னவர்?"

"அக்கா எண்டவர். ரெண்டு தரம். பூரணி அக்காவைக் கையாலை காட்டி. அவருக்குத் தெரிஞ்ச ஒரே தமிழ்ச் சொல் அதுதான்."

"கடைசியா என்ன குடிச்சவர், சாப்பிட்டவர்?"

"சாப்பிடேல்லை. விடிய பூரணி அக்கா எல்லாருக்கும் நீலச் சுடுதண்ணிப் போத்தலிலை ரீ கொண்டுவந்தவ. அதைத்தான் குடிச்சவர்."

இஞ்ஞாசி காசு மேசைக்குப் போனார். நீல நிறச் சுடுதண்ணிப் போத்தல், அதுதான் ஃபிளாஸ்க், அங்கேதான் இருந்தது. திறந்து பார்த்தார்.

"கபித்தேன்... இதைப் பளபளன்னு கழுவி வச்சிருக்காங்க!"

பூரணி பதறினாள்.

"முடிஞ்சா கழுவி வைக்கிறதுதானே தம்பி! நான் என்ன உங்களை மாதிரி எச்சில் போத்தலோட இருக்கிற ஆளே?"

* * *

மறுநாள் பரிசோதனை முடிவு வந்தது.

வயிற்றில் இருந்த தேநீரில் விஷம். அலரி! ஏற்கெனவே பலவீனமாக இருந்த இதயம் தாங்கவில்லை.

லக்ஷனாவின் கண்கள் சேலை மாளிகையின் ஜன்னலுக்குப் போயின. அங்கே ஒரு பூச்சாடி. சாமிப் படத்துக்குப் பூ வைக்க என்று பூரணி ஆசையாக வளர்த்த செடி.

அலரிச் செடி!

"பிள்ளை... அது சாமிக்கு வைச்சது..." பூரணியின் குரல் தேய்ந்தது. "ஆரும் வந்து பிடுங்கலாம். கடை வாசல் திறந்துதானே கிடக்குது..."

"அக்கா, செத்தவர் உங்களைக் கைகாட்டி, உங்கடை பேரைச் சொல்லியிருக்கிறார். ஏழெட்டுப் பேர் கேட்டிருக்கினம். கமராவிலையும் இருக்குது. நான் என்ன செய்ய?"

"நான் ஏன் பிள்ளை அந்த மனுசனைக் கொல்லப் போறன்? படம் எடுக்கக் கடையைச் சும்மா குடுத்தனான்!"

"பொலிஸ் நிலையத்துக்கு வாங்கோ. கதைப்பம்."

பொலிஸ் வாகனம் வரை பூரணி நடந்துதான் போனாள். பலசரக்குக் கடை வாசலில் நின்றவர்கள் தலையைத் திருப்பிக்கொண்டார்கள். நகைக்கடைக்காரர் முகத்துக்கு நேரே கதவை மூடினார். நேற்று வரை 'அக்கா, அக்கா' என்று வாய் நிறையக் கூப்பிட்டுக் கடன் சொன்ன ஒருத்தி, பக்கத்தில் நின்றவளிடம் சத்தமாகவே சொன்னாள்.

"உந்தப் பூரணி சும்மா ஆள் இல்லை, எனக்கு அப்பவே தெரியும்!"

பூரணி. வெறும் பூரணி. அக்காவைக் காணோம்!

கைது செய்ததை விட அதுதான் அவளுக்கு வலித்தது. வாகனத்தில் ஏறியதும் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு அழுதாள். இத்தனை வருடம் இந்தத் தெருவுக்கு உழைத்துக் கொட்டி வாங்கியிருந்த ஒரே பட்டம் அது.

* * *

பொலிஸ் நிலையம்.

மேசைக்கு ஒரு பக்கம் பூரணி. எதிரே லக்ஷனா. ஓரத்தில் இஞ்ஞாசி, மடியில் ஒரு சுஷிப் பெட்டியுடன்.

"ஜப்பான்காரர் செத்த கேஸிலை ஜப்பான் சாப்பாடு... வெக்கமா இல்லையே உமக்கு?" என்றாள் லக்ஷனா.

"துக்கம் அனுஷ்டிக்கிறேன் கபித்தேன்."

லக்ஷனா பூரணியின் பக்கம் திரும்பினாள்.

"அக்கா, நேராய்ச் சொல்லுங்கோ. அவருக்கும் உங்களுக்கும் ஏதும் கொழுவல், சண்டையோ?"

"ஒரு கொழுவலும் இல்லை. ஒரே ஒரு மனத்தாங்கல்தான். எனக்கு அம்பத்திரண்டு வயசு. அந்தாள் எழுவதை எட்டிப் பிடிக்கப் போறார். அவர் என்னை அக்கா எண்டால் எனக்கு எப்பிடி இருக்கும், சொல்லுங்கோ?"

லக்ஷனாவுக்குச் சிரிப்பு வந்தது. அடக்கிக்கொண்டாள்.

"எப்ப முதல் முதல் அக்கா எண்டவர்?"

"பேய்க்குச் சேலை எடுக்க வந்த அண்டைக்கு. பேய் எண்டால் வெள்ளைதானே எண்டு நான் வெள்ளைச் சேலை எடுத்துப் போட்டன். அவர் தலையை ஆட்டிப்போட்டார். அப்ப நான் யோனிட்டைச் சொன்னன், 'தாலியோட செத்த பொம்பிளைக்கு எங்கடை ஆக்கள் கூறைச்சேலைதான் உடுத்தி அனுப்புறது' எண்டு. அவன் அதை மாத்திச் சொன்ன உடனை அந்த மனுசன் துள்ளி எழும்பி, கூறையைத் தடவித் தடவி 'அக்கா! அக்கா!' எண்டார்."

"நீங்கள் என்ன சொன்னனீங்கள்?"

"ஓம் தம்பி, சொல்லுங்கோ எண்டன். ஒண்டும் சொல்லேல்லை. என்ரை முகத்தைக் கூடப் பாக்கேல்லை. சேலையைத்தான் பாத்துக்கொண்டு நிண்டவர்."

"பிறகு எப்ப கூப்பிட்டவர்?"

"பிறகு... அடுத்த நாள் திரைச்சீலைத் துணி எடுக்கேக்கை. பச்சை காட்டினன், பேசாமல் இருந்தார். மஞ்சள் காட்டினன், பேசாமல் இருந்தார். சிவப்பை எடுத்தன், உடனை அக்கா எண்டார்."

"மற்ற நேரத்திலை?"

"மற்ற நேரத்திலை... பூரணி-சான் எண்டுதான் மரியாதையாக் கூப்பிடுவார்."

ஓரத்தில் மென்றுகொண்டிருந்த சத்தம் சட்டென்று நின்றது.

இஞ்ஞாசி குச்சியில் ஒரு சிவப்பு மீன் துண்டைத் தூக்கிப் பிடித்து அதையே முறைத்துப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"கபித்தேன்..."

"என்ன, முள்ளு தொண்டையிலை மாட்டிட்டுதோ?"

"இந்த மீனுக்கு அக்கமின்னு பேரு. ஏன்டா அப்படின்னு கடைக்காரன்கிட்ட ஒரு தடவை கேட்டேன். 'மி'ன்னா சதையாம். 'அக்க'ன்னா..."

"அக்க எண்டால்...?"

"சிவப்பு!"

லக்ஷனா மெதுவாக எழுந்தாள்.

"அப்ப... செத்தவர் அக்காவைக் கூப்பிடேல்லை. சிவப்பு, சிவப்பு எண்டு கத்தியிருக்கிறார்!"

"அவர் கட்டியிருந்த சேலையைச் சொல்லியிருப்பாரோ?" என்றார் இஞ்ஞாசி.

"உடம்பிலை இருக்கிறதைக் காட்ட ஏன் கையைக் காசு மேசைப் பக்கம் நீட்டுறார்? பூரணி அக்கா, நல்லா யோசிச்சுச் சொல்லுங்கோ. அந்த நேரம் உங்கடை கையிலை என்ன இருந்தது?"

"கையிலையோ? ரீ வாத்துக்கொண்டு நிண்டனான் பிள்ளை. எங்கடை நீலப் போத்தல் முடிஞ்சு, கழுவிக் கவிட்டாச்சு. தர்மிளா வேறை கத்தினதிலை நெஞ்சு பதறுது. அந்த மனுசன்ரை போத்தல் பக்கத்திலை இருந்தது. பச்சை ரீ எண்டாலும் பரவாயில்லை எண்டு கப்பிலை வாத்து வாயிலை வைக்கப் போனன். அக்கா எண்டு கேட்டுது, போட்டிட்டு ஓடினன்."

"அந்த மனுசன்ரை போத்தல் என்ன நிறம்?"

பூரணியின் வாய் திறந்தது. மூட மறந்தது.

"சி... சிவப்பு!"

"அவர் நீலப் போத்தல் ரீ குடிச்சவரோ?"

"அவர் என்ரை ரீயை வாயிலை வைக்கவே மாட்டார்! பால் மணக்குதாம்! ஆர் சொன்னது குடிச்சவர் எண்டு?"

லக்ஷனாவும் இஞ்ஞாசியும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள்.

"அக்கா..." லக்ஷனாவின் குரல் இறங்கியது. "விஷம் அந்தச் சிவப்புப் போத்தலுக்கைதான். உயிர் போற நேரத்திலை அவருக்கு அது விளங்கியிருக்குது. நீங்கள் குடிக்கப் போனதைக் கண்டிட்டார். குடிக்காதே எண்டு சொல்லத்தான் கையை நீட்டினவர்."

பூரணி விம்மினாள்.

"என்னைக் காப்பாத்தினவரோ...? நான் ரெண்டு நாளா அந்த மனுசனை மனசுக்குள்ளை ஏசிக்கொண்டெல்லோ இருந்தன்..."

* * *

பூரணி சேலை மாளிகை. பின்னேரம்.

லக்ஷனா எல்லோரையும் வரச் சொல்லியிருந்தாள். ஜெனவியேவ் கமராப் பெட்டிகளை அடுக்கிக்கொண்டிருந்தாள். தர்மிளா ஒரு மூலையில். யோன் அந்த அறையின் திரையையே பார்த்தபடி நின்றான்.

"யோன் அண்ணை, ஒரு சின்ன உதவி. அறிக்கை எழுத வேணும். ஜப்பான் பாஷையிலை கொஞ்சச் சொல் சொல்லித் தாறியளே?"

"கேளுங்கோ பிள்ளை."

"நீலத்துக்கு என்ன?"

"அவோ."

"வெள்ளை?"

"ஷிரோ."

"கறுப்பு?"

"குரோ."

"சிவப்பு?"

யோன் வாயைத் திறந்தான்.

ஒரு எழுத்துக் கூட வரவில்லை!

"மறந்து போச்சோ அண்ணை? முப்பது வருசம் கதைச்ச பாஷை..."

தர்மிளாதான் முதலில் எழுந்தாள். அவள் கண்கள் விரிந்தன.

"'அக்கா' எண்டெல்லோ... அவர் அண்டைக்கு..."

"ஓம் தர்மிளா. ஜப்பான் பாஷையிலை 'அக்க' எண்டால் சிவப்பு. இஞ்சை நிண்ட எல்லாரும் அதைப் பிழையாத்தான் கேட்டவை. குற்றம் சொல்ல ஏலாது. தமிழ்க் காது, லா சப்பல் காது. ஆனா பிழையாக் கேக்கவே ஏலாத ஆள் ஒருத்தர் மட்டும் இஞ்சை நிண்டவர்." லக்ஷனா ஒரு அடி முன்னால் வந்தாள். "நீங்கள்! சிவப்பு எண்டு அவர் கத்தினது உங்கடை காதிலை சிவப்பு எண்டுதான் விழுந்தது. எனக்கு 'அக்கா' எண்டு மொழிபெயர்த்தனீங்கள். அவர் தொடாத நீலப் போத்தலையும் என்ரை கண்ணுக்கு முன்னாலை வைச்சனீங்கள். பூரணி அக்கா கிட்டப் போக, கட் சொல்லேல்லை எண்டு தடுத்தனீங்கள்!"

"இல்லை..."

"ஒபர்வில்லியேயிலை நீங்கள் தங்கியிருக்கிற அறையைத் திறந்து பாத்தாச்சு."

இஞ்ஞாசி ஒரு பையிலிருந்து அந்தப் பொருளை எடுத்து மேசையில் வைத்தார். சிவப்புச் சுடுதண்ணிப் போத்தல். அங்கங்கே பெயின்ட் உரிந்த பழசு.

"குழப்பத்துல இங்கேயிருந்து எடுத்துட்டுப் போய் அலமாரியில துணி சுத்தி வச்சிருந்தாரு. இதைத் தூக்கி ஒரு குப்பைத்தொட்டியில போட்டிருந்தா நாங்க தலையைப் பிச்சுக்கிட்டு இருந்திருப்போம். ஏன் சார் போடல?"

யோன் போத்தலைப் பார்த்தான். முகம் உடைந்தது.

"எறிய மனம் வரேல்லை. முதல் படத்துக்கு நான்தான் வாங்கிக் குடுத்தனான். என்ரை முதல் சம்பளத்திலை..."

"பிறகு ஏன் அண்ணை?"

"ஏனோ?" யோன் கத்தினான். "அவரின்ரை படத்திலை எல்லாம் வாற பேய் ஆர் எண்டு உலகம் முழுக்கத் தேடுது. தெரியுமே உங்களுக்கு? நான்! மன்னார் யோன்! கழுத்து முறிய முறியப் பின்னாலை வளைச்சு, ஐஸ் தண்ணியிலை கிடந்து, சுவரிலை ஊர்ந்து... எல்லாம் நான். ஒரு படத்திலையாவது என்ரை முகம் தெரிஞ்சுதோ? ஒரு படத்திலையாவது பேர் போட்டவரோ? 'பேர் வைச்ச பேய்க்கு ஒருத்தரும் பயப்பிட மாட்டினம்' எண்டு சொல்லிச் சொல்லியே என்னை மூடி வைச்சவர். கடைசிப் படத்திலை முகத்தைக் காட்டுறன், பேர் போடுறன் எண்டு சத்தியம் பண்ணினவர். அதுக்காகத்தான் அவர் கீழை விழுந்த பிறகும் கூட இருந்தன். எல்லாரும் விட்டிட்டுப் போக, சோறு சமைச்சுக் குடுத்துக்கொண்டு இருந்தன்!"

"பிறகு?"

"சாகிறதுக்கு முதல் நாள், இதே அறைக்குள்ளை கூப்பிட்டார். 'உனக்கு முதுகு வளையுதில்லை. பேயா நானே நடிக்கிறன். உன்ரை முகம் ஒருத்தருக்கும் தேவையில்லை. நீ டோக்கியோவுக்குப் போ' எண்டார். சிரிச்சுக்கொண்டு சொன்னார் பிள்ளை... சிரிச்சுக்கொண்டு! வெளியிலை வந்தன். ஜன்னலிலை அலரி பூத்திருந்தது..."

பூரணி தன் பூச்சாடியைப் பார்க்க முடியாமல் முகத்தைத் திருப்பினாள்.

"மன்னிக்கவும்..." யோன் சொன்னதைத் தர்மிளா காதோடு மாற்றிச் சொல்லக் கேட்ட ஜெனவியேவ் பிரெஞ்சில் குறுக்கிட்டாள். முகம் வெளிறியிருந்தது. "முதல் நாள்... இந்த அறைக்குள்ளேயா சொன்னார்?"

"ஏன் கேக்கிறீங்கள்?" என்றாள் லக்ஷனா.

"நாங்கள் பொருத்திய இந்தக் கண்ணாடிக்குப் பின்னால் ஒரு கமரா உண்டு. அதை அன்றைக்கு ஓட விடச் சொன்னார். ஏன் என்று கேட்டேன். 'கடைசி ஷொட்' என்றார். யாரிடமும் சொல்லக்கூடாது என்றார். எனக்கு ஜப்பான் மொழி தெரியாது. அவர் இறந்த பிறகு அதைப் போட்டுப் பார்க்க எனக்குத் தைரியம் வரவில்லை."

லக்ஷனா கையை நீட்டினாள்.

"இப்ப போடுங்கோ."

சின்னத் திரை ஒளிர்ந்தது.

அமெமோரி சிரித்துக்கொண்டு ஏதோ சொல்கிறார். எதிரே யோன். கமரா யோனின் முகத்தை மட்டும் பார்க்கிறது. அந்த முகத்தில் முதலில் ஒன்றும் புரியவில்லை. பிறகு புரிகிறது. உதடு கோணுகிறது. கண் நிறைகிறது. ஒரு வார்த்தை பேசாமல் திரும்பி வெளியே போகிறான்.

அமெமோரி தனியாக நிற்கிறார். சிரிப்பு போய்விட்டது. கண்ணைத் துடைத்துக்கொண்டு கண்ணாடிக்குக் கிட்ட வருகிறார். கமராவைப் பார்த்துப் பேசத் தொடங்குகிறார்.

"நிப்பாட்டுங்கோ," என்றாள் லக்ஷனா. "கோர்ட் மொழிபெயர்ப்பாளர் நாளைக்குத்தான் வருவார். யோன் அண்ணை... நீங்கள் சொல்லுங்கோ. இந்த முறை சரியா மொழிபெயருங்கோ."

திரை மறுபடி ஓடியது. யோன் மொழிபெயர்த்தான்.

"'யோன்... நாளைக்குப் படப்பிடிப்பு முடிய உனக்கு இதைப் போட்டுக் காட்டுவன். நீ என்னை அடிக்க வருவாய். அடி...'"

"பிறகு?"

"'இந்தப் படத்துக்கு முடிவிலை ஒரு முகம் வேணும். நம்பினவனே கைவிட்ட முகம். உனக்கு அதை நடிக்கத் தெரியாது. நீ நல்லவன். அதாலைதான் பொய் சொன்னன்...'"

யோன் நிறுத்தினான்.

"சொல்லுங்கோ அண்ணை."

"'முப்பது வருசமா உன்ரை முகத்தை முடியாலை மூடி வைச்சன். இப்ப எடுத்ததுதான் என்ரை படத்தின்ரை கடைசி ஷொட். அதுக்குக் கீழை உன்ரை பேர் மட்டும் வரும். என்ரை பேரை விடப் பெரிசா...'"

திரையில் அமெமோரி தலை தாழ்த்தி வணங்கினார். பிறகு நிமிர்ந்து ஒரே ஒரு சொல் சொன்னார். அதை மொழிபெயர்க்கத் தேவை இருக்கவில்லை.

"கட்."

திரை இருண்டது.

யோன் தரையில் உட்கார்ந்துவிட்டான்.

"அந்தப் பொய்யளை எல்லாம் சொன்னதே நான்தானே... அம்மா செத்துப் போனா எண்டு போய்ச் சொன்னவனே நான்தானே... எனக்குச் சொன்ன பொய் மட்டும் எனக்கு விளங்காமல் போச்சே! சென்செய்... என்ரை சென்செய்...!"

அவன் தன் தலையில் அடித்துக்கொண்டு அழுதான். தர்மிளாவும் அழுதாள். தன்னைச் சிறைக்கு அனுப்பப் பார்த்தவன் என்பதை மறந்து, பூரணி ஒரு கப்பில் தண்ணீர் கொண்டுவந்து அவனிடம் நீட்டினாள். வாங்கிக் குடிக்க அவனுக்கு முகம் இல்லை.

இஞ்ஞாசி விலங்கை எடுத்தார். வழக்கமான பகிடி ஒன்றும் அவர் வாயில் வரவில்லை.

* * *

அடுத்த சனிக்கிழமை.

சேலை மாளிகை திறந்திருந்தது. ஜன்னலில் அலரிச் சாடி இல்லை, துளசி வந்திருந்தது. வாசலில் கூட்டம். நகைக்கடைக்காரர் அசடு வழியச் சிரித்தபடி உள்ளே வந்தார். கடன் சொன்னவளும் வந்தாள்.

"எனக்கு அப்பவே தெரியும், நீங்கள் செய்திருக்க மாட்டியள் எண்டு!"

பூரணி பில்லை நீட்டினாள். பழைய கடனும் சேர்த்து!

லக்ஷனா அம்மாவுக்குச் சேலை பார்த்துக்கொண்டிருந்தாள். இஞ்ஞாசிக்குச் சேலையில் என்ன வேலை? பின்பக்கமிருந்து வந்த வடை வாசனையில் அவர் மூக்கு துடித்துக்கொண்டிருந்தது. கூட்டத்துக்கு மேலால் எட்டி, வாய் நிறையக் கூப்பிட்டார்.

"அக்கா...! அக்கா...!"

பூரணி திரும்பினாள். இடுப்பில் கை வைத்தாள்.

"என்னைக் கூப்பிடுறியளோ தம்பி... இல்லாட்டிச் சிவப்புச் சேலை எடுத்துக் காட்டட்டோ?"